மேரி முதல் மாண்டமஸ் வரை

வில்லியனூர், பாகூர் பக்கத்துப் பெரியவர்கள் கொம்யூன் அலுவலகத்தை 'மேரி' என்று சொல்லி நான் சின்ன வயதில் கேட்டிருக்கிறேன். அங்கே சம்பளப் பாக்கிக்கும், செய்து முடித்த வேலையின் பில்லுக்கும் மனு கொடுத்துவிட்டுக் காத்திருப்பது அன்றும் உண்டு, இன்றும் உண்டு.

பிரான்ஸில் 1900 ஜூலை 17-ஆம் தேதிச் சட்டம் ஒன்று இதற்கு வழி சொன்னது. மனு கொடுத்து நான்கு மாதமாகியும் அரசு வாய் திறக்காவிட்டால், மறுத்துவிட்டதாகவே கொண்டு பாரீசில் உள்ள உயர் நிர்வாக நீதிமன்றத்துக்குப் போகலாம் என்றது அது.

நமக்கு வந்த முறை வேறு. 1954 நவம்பர் 1-இல் ஆட்சி கைமாறியது. சட்டப்படி இணைந்தது 1962 ஆகஸ்ட் 16-இல். அதே ஆண்டு நவம்பர் 6 முதல் சென்னை உயர் நீதிமன்றத்தின் அதிகாரம் புதுச்சேரிக்கும் வந்தது. அரசியல் சட்டத்தின் 226-ஆம் பிரிவில் அங்கே ரிட் மனு போடலாம். 'மாண்டமஸ்' என்ற லத்தீன் சொல்லுக்கு 'ஆணையிடுகிறோம்' என்று பொருள். கடமையைச் செய்யாத அதிகாரியைச் செய்ய வைக்கும் ஆணை அது.

பாகூர் பக்கத்து நண்பர் ஒருவருக்கு ஓய்வு பெற்று நான்கு வருடமாகியும் பணிக்கொடை வரவில்லை. வழக்குப் போட்டார். 'எட்டு வாரத்தில் மனுவைப் பரிசீலித்து முடிவு செய்க' என்று உத்தரவானது. வீட்டில் பாயசம் வைத்தார்கள். ஏழாவது வாரம் கடிதம் வந்தது: பரிசீலிக்கப்பட்டது, நிராகரிக்கப்படுகிறது.

பரிசீலிக்கச் சொல்வது வேறு, கொடுக்கச் சொல்வது வேறு. இந்த வித்தியாசத்தை 2006-இல் ஆந்திரப் போக்குவரத்துக் கழக வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது.

ஆனாலும் அந்தக் கடிதம் வீண் போகவில்லை. பணிப்பதிவேட்டில் மூன்று வருடம் விடுபட்டிருக்கிறது என்று அதில் காரணம் எழுதியிருந்தார்கள். அதுவரை எதை எதிர்த்து வாதாடுவது என்றே அவருக்குத் தெரியாது. பழைய சம்பளச் சீட்டுகளைத் தேடி எடுத்து, அந்தக் கடிதத்தை எதிர்த்து மறுபடி போனார். பணம் வந்தது. பாயசம் வைத்த அவர் மனைவிதான் அப்போது இல்லை.

ஓய்வூதியம் அரசு போடும் பிச்சையல்ல, உரிமை என்று 1971-இலேயே தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதற்காக உறங்கிவிடக் கூடாது. தமிழ்நாட்டுச் சுரங்கத் துறையில் 1982-இல் வேலை போன ஒருவர் 2000-இல் மனு கொடுத்தார். பரிசீலிக்க உத்தரவும் வாங்கினார். 2008-இல் ஜேக்கப் வழக்கு என்று பெயர் பெற்ற அதில், செத்துப்போன கோரிக்கைக்குப் பரிசீலனை உத்தரவு உயிர் கொடுக்காது என்று தீர்ப்பானது.

ஆகவே அன்பர்களே, மனுவை விரைவுத் தபாலில் அனுப்புங்கள். ஒப்புகைச் சீட்டைப் பத்திரமாக வையுங்கள். உத்தரவு வாங்கியும் அலுவலகம் அசையவில்லையென்றால் அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருடம்தான் கெடு. பழைய சம்பளச் சீட்டு எதையும் போகிப் பண்டிகையில் கொளுத்திவிடாதீர்கள்.