சோனோய் கெய்கோ

சோனோய் கெய்கோ (6 ஆகஸ்ட் 1913 – 21 ஆகஸ்ட் 1945): ஜப்பானிய மேடை, திரை நடிகை. இயற்பெயர் ஹகமதா தொமி. சினிமாவில் இவர் பெயர் நிற்பது ஒரே படத்தால். அந்தப் படமும் இரண்டு தடவை கத்தரிக்கு இரையானது.

வடகிழக்கு ஜப்பானின் இவாத்தே மாவட்டத்தில் பிறந்தவர். ஆண் வேடத்தையும் பெண்களே கட்டும் தகராசுகா நாடகக் குழுவின் பள்ளியில் 1929இல் சேர்ந்து, 1942 வரை அங்கேயே நடித்தார். பெயரெடுத்தது நாயகியாக அல்ல, குணச்சித்திர வேடங்களில்.

1943 அக்டோபரில் டையே நிறுவனத்தின் ‘முஹோமாட்சு நோ இஷ்ஷோ’ வெளிவந்தது. இயக்கம் ஹிரோஷி இனகாகி, ஒளிப்பதிவு கசுவோ மியகவா. கொக்குரா நகரத்து ரிக்‌ஷாக்காரன் மாட்சுகொரோ, காலமான ராணுவ கேப்டனின் மனைவிக்கும் மகனுக்கும் ஆண்டுக்கணக்கில் துணையாக நிற்கிறான். ரிக்‌ஷாக்காரனாக பாண்டோ சுமாசாபுரோ. கேப்டனின் மனைவி சோனோய். அவளிடம் அவன் மனசைத் திறக்கும் காட்சிதான் கதையின் உயிர். அதிகாரியின் விதவைமேல் ரிக்‌ஷாக்காரனுக்குக் காதலா என்று போர்க்காலத் தணிக்கை அதை வெட்டியது. போர் முடிந்தபின் அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகம், ரஷ்யாவுடனான போரின் வெற்றியைக் கொண்டாடும் விளக்கு ஊர்வலக் காட்சியை வெட்டியது.

மிஞ்சிய படத்தின் முடிவில், செத்துப்போன மாட்சுகொரோவின் உடைமைகளைப் பிரிக்கிறார்கள். அவள் கொடுத்த பணம் தொடாமல் அப்படியே இருக்கிறது. அவள் பெயரிலும் மகன் பெயரிலும் வங்கிக் கணக்குப் புத்தகங்கள். சோனோய் உடைந்து அழுகிறார். கதை தெரியாதவருக்கு அந்த அழுகை கொஞ்சம் கூடுதலாகப் படலாம். அது நடிப்பின் குறையல்ல, கத்தரி செய்த வேலை.

படத்துக்குப் பிறகும் அவர் மனம் மேடையிலேயே இருந்தது. மருயாமா சதாவோ முதலானோர் தொடங்கிய குராகுசா நாடகக் குழுவில் நடித்தார். ஊர் ஊராகப் போய் நாடகம் போடவேண்டும் என்பது போர்க்கால அரசின் கட்டளை. ‘சகுராதை’ என்று பெயர் மாறிய அந்தக் குழுவுக்கு 1945இல் ஒதுக்கப்பட்ட ஊர் ஹிரோஷிமா.

ஆகஸ்ட் 6 அவருடைய 32ஆவது பிறந்தநாள். அன்று நகரத்தின்மேல் அணுகுண்டு விழுந்தது. அது வெடித்த இடத்திலிருந்து குழு தங்கியிருந்த வீடு ஒரு கிலோமீட்டர்கூட இல்லை. வீட்டிலிருந்த ஒன்பது பேரில் ஐவர் அங்கேயே மாண்டனர். பெரிய காயமில்லாமல் வெளியே வந்த சோனோய், சக நடிகர் ஒருவருடன் ரயிலேறி கோபே நகரில் தெரிந்தவர் வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தார். பிழைத்துவிட்டதாகத் தாய்க்குக் கடிதமும் எழுதினார். பிறகு காய்ச்சல் கண்டது, தலைமுடி கொட்டியது. ஆகஸ்ட் 21 அன்று இறந்தார். தப்பிய மற்ற மூவரும் அதே மாதத்தில் போய்விட்டார்கள்.

ஹிரோஷிமாக்காரரான இயக்குநர் கனேதோ ஷிண்டோ, 1988இல் இந்தக் குழுவின் கதையைப் படமாக்கினார். அதற்கு முப்பது ஆண்டு முன்பே, 1958இல், இனகாகி தம் பழைய படத்தைத் தோஷிரோ மிஃபுனேயை வைத்து வண்ணத்தில் மறுபடி எடுத்திருந்தார். வெட்டுப்பட்ட காட்சி அதில் உண்டு. வெனிஸ் விழாவில் தங்கச் சிங்க விருதும் கிடைத்தது. கேப்டனின் மனைவியாக அதில் நடித்தவர் ஹிதெகோ தகமினே.