அசலும் இரட்டிப்பும்: மாதத் தவணையின் சிறு வரலாறு

2025 மாசி சிவராத்திரிக்குக் குலதெய்வம் கோயிலுக்குப் போய்விட்டு வந்த மறுநாள் காலை. திண்ணையில் பேப்பர் படித்துக்கொண்டிருந்த அப்பா தலையைத் தூக்காமலே கேட்டார்.

"வீட்டுக் கடன்ல எவ்வளவு அடைச்சிருக்க தம்பி?"

"ரெண்டு வருசம் ஆச்சுல்லப்பா. ஆறேகால் லட்சம் கட்டியிருக்கேன்."

"அப்ப இருபத்துமூணே முக்கால் பாக்கி."

"இல்லப்பா. இருபத்தெட்டே முக்கால்."

அப்பா பேப்பரை மடித்து வைத்தார். முப்பது வருடம் பஸ் கண்டக்டராக இருந்தவர். கணக்கில் நாலணா இடித்தாலும் தூக்கம் வராது. "மிச்சம் அஞ்சு லட்சம் எங்க போச்சு?" என்றார். "வட்டிப்பா" என்றேன். அதற்குமேல் என்னால் ஒழுங்காக விளக்க முடியவில்லை.

வெட்கமாகத்தான் இருந்தது. ஏனென்றால் மாதத் தவணையைக் கணக்கிடும் நிரலை நானே எழுதியிருக்கிறேன். இரண்டாவது வேலையில் ஒரு கடன் செயலிக்காக. மொத்தம் ஆறு வரி. அசல், வட்டி விகிதம், மாதங்கள் என்று மூன்று எண்களைக் கொடுத்தால் ஒரே ஒரு எண்ணைத் திருப்பித் தரும்: இ.எம்.ஐ. மொத்தம் எவ்வளவு கட்டுவோம் என்பதை அந்த நிரல் சொல்லாது. சொல்லச் சொல்லி யாரும் கேட்கவில்லை, எனக்கும் தோன்றவில்லை. என் சொந்தக் கடனுக்கு வங்கி கொடுத்த 240 வரி அட்டவணையையும் முதல் பக்கத்தோடு மூடி வைத்தவன்தான் நான்.

அன்று மதியம் அதைத் திறந்தேன். 30 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுகள். முதல் மாத வட்டி 21,250 ரூபாய். தவணை 26,035. ஆக, முதல் மாதம் அசலைத் தொட்டது 4,785 ரூபாய்தான். அடுத்த மாதம் நிலுவை அந்த அளவு குறைவு என்பதால் வட்டியும் 34 ரூபாய் குறைவு. இந்த வேகத்தில் போனால், தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போவதற்கே கிட்டத்தட்ட 12 ஆண்டுகள் ஆகும். அசலில் பாதி தீர்வதற்குக் கிட்டத்தட்ட 14 ஆண்டுகள். கடைசியில் நான் கட்டியிருக்கும் தொகை 62.48 லட்சம். வட்டி மட்டும் 32.48 லட்சம்.

இதில் மோசடி எதுவும் கிடையாது. எந்த மாதத்தை எடுத்தாலும் அன்றைய நிலுவைக்கு மட்டும்தான் வட்டி. ஆனாலும் அப்பாவிடம் சொன்னபோது அவர் கேட்டது வேறொரு கேள்வி: "அசலை விட வட்டி ஜாஸ்தியாயிடுச்சா?"

அந்தக் கேள்வி எங்கிருந்து வருகிறது என்று தேடிப் போனதுதான் இந்தக் கட்டுரை.

*

எங்கள் வீட்டில் கடன் என்றாலே ஒரு கதை உண்டு. 1964இல் அத்தையின் கல்யாணத்துக்காகத் தாத்தா வீட்டை 2,000 ரூபாய்க்கு ஒத்தி வைத்தார். பணம் கொடுத்தவர் குடும்பத்தோடு எங்கள் வீட்டில் குடியேறினார். தாத்தா குடும்பம் அடுத்த தெருவில் ஒற்றை அறைக்கு வாடகைக்குப் போனது. ஒன்பது வருடம். பள்ளிக்கூடம் விட்டு வரும்போது சொந்தத் திண்ணையில் வேறு யாரோ உட்கார்ந்திருப்பதைப் பார்த்துக்கொண்டே நடந்திருக்கிறார் அப்பா.

ஒத்தியில் பணத்துக்கு வட்டி இல்லை, வீட்டுக்கு வாடகை இல்லை. ஒன்றுக்கு ஒன்று ஈடு. இன்றைக்கும் மதுரையிலும் சென்னையிலும் வீடு ஒத்திக்கு விடுகிறார்கள். 1882ஆம் ஆண்டின் சொத்துரிமை மாற்றச் சட்டத்தில் அனுபவ அடமானம் என்று ஒரு வகை உண்டு. ஒத்தியும் அந்தக் குடும்பம்தான்.

ஆங்கிலத்தின் 'மார்ட்கேஜ்' என்ற சொல்லும் இதே இடத்திலிருந்துதான் கிளம்புகிறது. பழைய பிரெஞ்சில் அதற்குச் 'செத்த அடமானம்' என்று பொருள். 12ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுதப்பட்ட, கிளான்வில் பெயரால் அறியப்படும் ஆங்கிலச் சட்ட நூல் அடமானத்தை இரண்டாகப் பிரிக்கிறது. நிலத்தின் விளைச்சல் கடனில் கழிந்தால் அது உயிருள்ளது. விளைச்சலையும் கடன் கொடுத்தவரே எடுத்துக்கொண்டு, கடன் அப்படியே நின்றால் அது செத்தது. இந்தக் கணக்கில் தாத்தாவின் ஒத்தி செத்த அடமானம். ஒன்பது வருடத்தில் ஒரு பைசா குறையவில்லை.

அப்பா அதை வேறு மாதிரி பார்க்கிறார். "குறையலதான். ஆனா கூடவும் இல்லயே. எந்த நாள்ல கேட்டாலும் உங்க தாத்தா கடன் எவ்வளவுன்னு சொல்லிருவாரு. ரெண்டாயிரம்."

கடன் எங்கே நிற்க வேண்டும் என்பதற்கு இந்தியாவில் பழைய கோடு ஒன்று இருந்தது. மனு முதலான தர்மசாஸ்திர நூல்கள் ஒரே சமயத்தில் வசூலிக்கும் வட்டி அசலைத் தாண்டக் கூடாது என்றன. தாம்துபட் என்ற பெயரில் பம்பாய் நீதிமன்றங்கள் ஆங்கிலேயர் ஆட்சியிலும் இதை ஏற்றுக்கொண்டன. ஆனால் அந்த விதி சேர்ந்துபோன வட்டி பாக்கிக்கு மட்டும்தான். மாதாமாதம் வட்டி கட்டி வருபவரை அது காப்பாற்றாது.

அதைவிடக் கடுமையான கோட்டைப் போட்டது சென்னை மாகாணம். உலகப் பெருமந்தத்தில் விளைபொருள் விலை விழுந்து, கடன் மட்டும் விழாமல் நின்ற காலம். ராஜாஜியின் அமைச்சரவை 1938இல் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் கொண்டுவந்தது. 1932 அக்டோபருக்கு முன்பு வாங்கிய கடன்களுக்கு ஒரு நேரடியான விதி: அசலாகவோ வட்டியாகவோ அசலைப்போல் இரண்டு மடங்கு ஏற்கெனவே கட்டியிருந்தால், கடன் முழுதும் தீர்ந்ததாகக் கொள்ளப்படும். அசலே பாக்கி இருந்தாலும் சரி.

அப்பாவுக்கு இந்தச் சட்டம் தெரியாது. ஆனால் அவர் கேள்வியில் இருந்தது அந்தக் கோடுதான். கடனை அவர் அசலோடு வைத்து அளக்கிறார். நான் கடன் வாங்கும்போது என் சம்பளத்தோடு வைத்து அளந்தேன். "மாசம் இருபத்தாறு ஆயிரம் தாங்குமா? தாங்கும்." அவ்வளவுதான் என் மொத்த ஆராய்ச்சியும்.

*

சம்பளத்தோடு வைத்து அளக்கும் இந்தப் பழக்கம் பெரிதாகப் பரவியது அமெரிக்காவில், அதே பெருமந்தத்தின்போது. இதைப் படிக்கும்வரை, இ.எம்.ஐ. என்பது வங்கிகள் கண்டுபிடித்த தந்திரம் என்றுதான் நினைத்திருந்தேன். உண்மையில் அது ஒரு மீட்பு ஏற்பாடாகப் பெருகியிருக்கிறது.

1920களில் அமெரிக்க வீட்டுக் கடன் பெரும்பாலும் ஐந்து முதல் பத்து ஆண்டுக் கடன். வீட்டு விலையில் பாதிதான் கிடைக்கும். பல கடன்களில் இடையில் வட்டி மட்டும் கட்டினால் போதும், கெடு முடியும் நாளில் அசல் முழுவதையும் ஒரே தவணையில் வைக்க வேண்டும். யாராலும் வைக்க முடியாது. புதுக் கடன் வாங்கிப் பழையதை அடைப்பார்கள். வங்கிகள் நன்றாக இருந்தவரை இது ஓடியது. 1929க்குப் பிறகு வங்கிகளே சாய்ந்தபோது புதுக் கடன் தர ஆள் இல்லை. 1933இல் நாளொன்றுக்குச் சுமார் 1,000 வீடுகள் கடனில் பறிபோயின.

அந்த ஆண்டு ஜூன் மாதம் ரூஸ்வெல்ட் அரசு வீட்டு உரிமையாளர் கடன் கழகத்தை உருவாக்கியது. மூழ்கிய கடன்களை அது வாங்கி, 15 ஆண்டுகள், 5 சதவீத வட்டி, மாதாமாதம் ஒரே தொகை என்று மாற்றிக் கொடுத்தது. ஒவ்வொரு தவணையிலும் கொஞ்சம் அசலும் கழியும். கடைசித் தவணையோடு கடன் பூஜ்ஜியம். சுமார் 10 லட்சம் குடும்பங்களின் கடன் இப்படி மாறியது. அவர்களில் ஐந்தில் ஒரு பங்கினர் பிற்பாடு வீட்டை இழந்தார்கள் என்றாலும் மற்றவர்கள் தப்பினார்கள். 1934இல் வந்த கூட்டாட்சி வீட்டு நிர்வாகம் இதே வடிவத்தை 20 ஆண்டுகளுக்கு நீட்டி, வீட்டு விலையில் 80 சதவீதம் வரை கடனுக்குக் காப்பீடு கொடுத்தது. கறுப்பினத்தவர் வாழ்ந்த பகுதிகளை அந்தக் காப்பீடு பெரும்பாலும் ஒதுக்கியது. மீட்பு எல்லோருக்கும் இல்லை.

கிளான்வில்லின் மொழியில் சொன்னால், செத்த அடமானத்துக்கு உயிர் வந்தது. கட்டக் கட்டக் குறையும் கடன். கெடு நாள் என்ற பூதம் இல்லை. ஆனால் இதற்கு ஒரு விலை உண்டு. தவணை சிறியதாக இருக்க வேண்டுமென்றால் காலம் நீள வேண்டும். 15, 20, 25 என்று நீண்டு, உலகப் போருக்குப் பிறகு 30 ஆண்டுகள் வழக்கமாயின.

அந்த நீட்சி என்ன செய்யும் என்று என் கடனை வைத்தே பார்த்தேன். 20 ஆண்டுகளை 30 ஆக்கினால் தவணை 26,035இலிருந்து 23,067 ஆகிறது. மாதம் மூவாயிரம் மிச்சம், சின்ன குடும்பத்துக்கு மளிகைச் செலவு. மொத்தமோ 62.48 லட்சத்திலிருந்து 83.04 லட்சம் ஆகிறது. மூவாயிரம் கண்ணுக்குத் தெரிகிறது, இருபது லட்சம் தெரியவில்லை.

அமெரிக்காவில் இதைத் தெரியவைக்கப் போராடியவர் பால் டக்ளஸ் என்ற செனட்டர். அடிப்படையில் பொருளாதாரப் பேராசிரியர். கடன் கொடுப்பவர் உண்மையான ஆண்டு வட்டியையும் கடனின் செலவையும் எழுத்தில் சொல்ல வேண்டும் என்று 1960இல் மசோதா கொண்டுவந்தார். ஆண்டுக்கணக்கில் இழுபட்டது. 1966 தேர்தலில் அவர் தோற்றுப்போனார். சட்டம் நிறைவேறியது 1968இல். கடன் வாங்குபவருக்கு அதன் விலையைச் சொல்ல வேண்டும் என்ற எளிய விஷயத்துக்கு எட்டு வருடம்.

*

நம்மூரில் நடுத்தர வர்க்கத்துக்கு வீட்டுக் கடன் என்பது புதிய விஷயம். ஓய்வுபெறும்போது வரும் பி.எஃப்., கிராஜுவிட்டி பணத்தில் வீடு கட்டியவர்கள் அப்பாவின் தலைமுறை. ஹெச்.டி. பரேக் 1977இல் ஹெச்.டி.எஃப்.சி. நிறுவனத்தைத் தொடங்கியபோது வீட்டுக்கென்றே கடன் கொடுப்பது இங்கே அரிது. தாராளமயத்துக்குப் பிறகு, முப்பது வயதில் வீடு என்பது ஐ.டி. வேலையோடு சேர்ந்து வரும் ஒன்றாக மாறியது.

ஆனால் நாம் எடுத்துக்கொண்டது பாதி வடிவம்தான். அமெரிக்காவின் வழக்கமான 30 ஆண்டுக் கடனில் வட்டி மாறாது. நம் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆக உயர்த்தியது. என் அலுவலக நண்பன் ஒருவன் 2021இல் 6.9 சதவீதத்தில் 30 லட்சம் வாங்கியிருந்தான். தவணை 23,079. கணக்குக்காக அந்த இரண்டரை சதவீத உயர்வும் இரண்டு ஆண்டு முடிவில் ஒரே நாளில் வந்ததாக வைத்துக்கொள்வோம். நிலுவை 28.5 லட்சம், வட்டி 9.4 சதவீதம். மாத வட்டி மட்டும் 22,328. அசலுக்கு மிஞ்சுவது 751 ரூபாய்.

தவணையை மாற்றாமல் விட்டால் அந்தக் கடன் தீர இன்னும் 36 ஆண்டுகளுக்கு மேல் ஆகும். அப்படி நேராமல் இருக்க வங்கிகள் ஒரு கட்டத்தில் தவணையை ஏற்றிவிடும். ஆனாலும் அந்த மாதங்களில் பலருக்குத் தவணை அப்படியே இருக்க, ஆண்டுகள் சத்தமில்லாமல் கூடின. 2023 ஆகஸ்ட்டில் ரிசர்வ் வங்கி, வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா காலத்தை நீட்டுவதா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும் என்றது. 2024 அக்டோபர் முதல் எல்லாச் சில்லறைக் கடன்களுக்கும் உண்மையான ஆண்டுச் செலவைக் காட்டும் முக்கிய விவரத் தாள் கட்டாயமானது. டக்ளஸ் கேட்டது நமக்கு வந்து சேர ஐம்பத்தாறு ஆண்டுகள் பிடித்திருக்கிறது.

நியாயமாக எதிர்த்தரப்பையும் சொல்ல வேண்டும். 2043இல் நான் கட்டப்போகும் 26,035 ரூபாய் இன்றைய 26,035 அல்ல. விலைவாசி அதைத் தின்றிருக்கும். சம்பளமும் ஏறியிருக்கலாம். வாங்காமல் இருந்திருந்தால் வாடகை கட்டியிருப்பேன், அதுவும் திரும்பி வராத காசுதான். அதனால் 62 லட்சத்தைப் பார்த்து "ஏமாந்துட்டோம்" என்று சொல்வதும் தப்புக் கணக்கு.

ஆனால் எந்த அட்டவணையிலும் வராத செலவு ஒன்று இருக்கிறது. போன ஆட்குறைப்பின்போது எங்கள் டீமில் கடன் இல்லாதவர்கள் மேனேஜரிடம் கேள்வி கேட்டார்கள். கடன் உள்ளவர்கள் லேப்டாப்பைப் பார்த்துக்கொண்டிருந்தோம். நானும்தான். தாத்தாவுக்கு ஒத்தி வாங்கிக்கொண்டது வீட்டை. என்னிடம் வீடு இருக்கிறது, 'வேண்டாம்' என்று சொல்லும் தைரியம்தான் ஒத்தியில் இருக்கிறது.

*

ஊரிலிருந்து கிளம்பும் முன் அப்பாவுக்கு 1938 சட்டத்தைச் சொன்னேன். அது பழைய விவசாயக் கடன்களுக்கு, நமக்குச் செல்லாது என்று சொல்லியும் விடவில்லை. "செல்லாட்டி போகுது. அந்தக் கணக்குல உன் கடன் எப்பத் தீரும், அதச் சொல்லு."

போட்டுப் பார்த்தோம். 30 லட்சத்தின் இரட்டிப்பு 60 லட்சம். 231ஆவது தவணையில் அது தாண்டுகிறது. "அப்ப கடைசி ஒம்பது தவணை தண்டம்" என்றார். 30 ஆண்டுக் கடனாக இருந்திருந்தால் கிட்டத்தட்ட 100 தவணை தண்டம்.

அந்த வருடம் கைக்கு வந்த போனஸில் ஒரு லட்சத்தைக் காருக்கு வைத்திருந்தேன். அதை அசலில் கட்டினால் என்ன ஆகும் என்று கணக்கிட்டேன். மாறும் வட்டிக் கடனை முன்கூட்டி அடைத்தால் தனிநபருக்கு அபராதம் கிடையாது. தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைக்கச் சொன்னால், வட்டி இதேபோல் இருக்கும்பட்சத்தில், கடைசியில் கிட்டத்தட்ட 17 தவணைகள் காணாமல் போகின்றன. நாலே கால் லட்சத்துக்கு மேல். அதே ஒரு லட்சத்தை 15ஆவது ஆண்டு முடிவில் கட்டினால் 6 தவணைகள்தான். மொத்தச் செலவு 59 லட்சத்துச் சொச்சத்துக்கு இறங்குகிறது. அப்பாவின் கோட்டுக்குள்.

கட்டினேன். கார் இல்லை, பஸ்ஸில்தான் போகிறேன். கண்டக்டர் மகனுக்கு அதில் என்ன குறை.

இப்போது ஒவ்வொரு மாதமும் 5ஆம் தேதி தவணை போனதும் அப்பா போன் செய்கிறார். "எவ்வளவு கட்டுன?" என்று கேட்பதில்லை. "இப்ப எவ்வளவு நிக்குது?" என்று கேட்கிறார். தாத்தா மாதிரி நானும் யோசிக்காமல் ஒரு எண்ணைச் சொல்கிறேன். அது மாதாமாதம் கொஞ்சம் குறைகிறது. அவர் அதைக் காலண்டர் தாளின் பின்பக்கம், பால் கணக்குக்குக் கீழே எழுதி வைத்துக்கொள்கிறார்.