பன்னீரில் பிறந்த பெயர்: மாவர்தி

திண்டுக்கல், நிலக்கோட்டைப் பூச்சந்தைகளுக்கு மல்லிகையோடு பன்னீர் ரோஜாவும் மூட்டை மூட்டையாக வந்து இறங்கும். கோயில் மாலைக்கும் அதுதான், தர்காவில் போர்த்தும் பூப்போர்வைக்கும் அதுதான். கல்யாண வீட்டு வாசலில் செம்பில் வைத்துத் தெளிக்கும் பன்னீரும் ரோஜா இதழின் வாசம்தான். இதே பன்னீரிலிருந்து அரபு நாட்டில் ஒரு குடும்பப் பெயர் பிறந்தது. அந்தப் பெயர் 'மாவர்தி'.

அரபு மொழியில் 'மா' என்றால் தண்ணீர், 'வர்து' என்றால் ரோஜா. இரண்டும் சேர்ந்தால் ரோஜாத் தண்ணீர், அதாவது பன்னீர். கடைசியில் 'ஈ' சேர்த்தால் 'அதைச் சேர்ந்தவர்' என்று பொருள் வரும். பாக்தாத் ஊர்க்காரர் பாக்தாதீ ஆவது போல, பன்னீர் வியாபாரம் செய்த குடும்பத்தார் மாவர்தீ ஆனார்கள். தொழிலே பெயராவது அங்கே சகஜம். கய்யாம் என்றால் கூடாரம் செய்பவர். அத்தார் என்றால் வாசனைப் பொருள் விற்பவர். நம் திண்டுக்கல் பக்கத்து 'ராவுத்தர்' என்ற பெயரும் குதிரை வீரர் என்ற பொருளில் வந்ததுதானே!

இந்தப் பெயரைப் புகழ்பெறச் செய்தவர் அபுல் ஹசன் அல்-மாவர்தி. கி.பி. 974-ல் ஈராக்கின் பஸ்ரா நகரில் பிறந்தார். ஷாபி சட்டப் பள்ளியின் பெரிய அறிஞரானார். (நம் காயல்பட்டினம், கீழக்கரை முஸ்லிம்கள் பின்பற்றுவதும் ஷாபி பள்ளிதான். திண்டுக்கல் ராவுத்தர்கள் பெரும்பாலும் ஹனபி.) பாக்தாதில் உயர்ந்த நீதிபதி பதவி வகித்தார். கலீபாவுக்கும் சிற்றரசர்களுக்கும் இடையே தூது போனார். ஆட்சி எப்படி நடக்க வேண்டும் என்று அவர் எழுதிய 'அல்-அஹ்காம் அல்-சுல்தானிய்யா' இன்றும் படிக்கப்படுகிறது. இவ்வளவு உயர்ந்த பிறகும் வரலாற்றில் அவர் பெயர் 'பன்னீர்க்காரர்' என்றே நின்றது.

பெயரை வைத்தே அவருக்கு ஒரு சோதனையும் வந்தது. அப்போது பாக்தாதில் கலீபா பெயருக்குத்தான் தலைவர். உண்மையான அதிகாரம் புவைஹி வம்சத்து அமீர் ஜலாலுத் தவ்லாவிடம் இருந்தது. ஹிஜ்ரி 429-ல் (கி.பி. 1037-38) அவர் தனக்கு 'மன்னர்களின் மன்னர்' என்ற பட்டம் வேண்டும் என்று கேட்டார். அந்தப் பெயர் இறைவனுக்கே உரியது என்று மக்கள் கொதித்தார்கள். சட்ட அறிஞர்களிடம் கருத்துக் கேட்டபோது பலரும் 'கூடும்' என்று சொல்லிவிட்டார்கள். மாவர்தி மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை. இத்தனைக்கும் அவர் அமீருக்கு மிக நெருங்கிய நண்பர்! கூடாது என்று சொல்லிவிட்டு அரண்மனைக்குப் போவதையே நிறுத்தி வீட்டில் இருந்துவிட்டார். பதவியோ உயிரோ போயிருக்கலாம். ஆனால் அமீர் அவரைக் கூப்பிட்டு, நட்பையும் பார்க்காமல் நியாயத்தைச் சொன்னதற்காகப் பாராட்டினார் என்று வரலாற்று ஆசிரியர்கள் எழுதியிருக்கிறார்கள். மாவர்தி 1058-ல் பாக்தாதில் காலமானார்.

அந்தச் சொல் கடல் கடந்தும் போனது. மலாய் மொழியில் ரோஜாவுக்கு 'மாவார்' என்று பெயர். அது 'மாவர்து' என்ற அரபுச் சொல்லின் திரிபு. பன்னீரைக் குறித்த சொல் அங்கே பூவுக்கே பெயராகிவிட்டது. இந்தோனேசியாவில் இன்றும் மாவர்தி என்ற பெயருடையவர்கள் உண்டு. 2016 டிசம்பர் 12 அன்று சென்னையைப் புரட்டிப் போட்ட 'வர்தா' புயலின் பெயரும் இதே ரோஜாதான். அந்தப் பெயரைக் கொடுத்த நாடு பாகிஸ்தான்.

பூப்பெயர்களில் ஒரு குழப்பமும் உண்டு. 'ஸஹ்ரா' என்றால் பூ என்று பலரும் சொல்வார்கள். குறில் ஓசையில் முடியும் 'ஸஹ்ர' என்பதுதான் பூ. நபிகளாரின் மகள் பாத்திமாவின் சிறப்புப் பெயரில் வருவது நெடில் ஓசை. அதன் பொருள் 'ஒளி வீசுபவர்'. இரண்டுக்கும் வேர் ஒன்றே. தமிழில் எழுதும்போது இரண்டும் ஒன்றுபோலத் தெரிவதால் இந்த வேறுபாடு மறைந்துவிடுகிறது. 'யாஸ்மின்' என்பதோ பாரசீகத்திலிருந்து அரபிக்குப் போன சொல். நிலக்கோட்டை மல்லிகையின் இனத்துக்கே உலகம் வைத்திருக்கும் பெயர் அதுதான்.

மன்னர்களின் மன்னர் என்று பட்டம் கேட்ட அமீரை இன்று வரலாறு படிப்பவர்கள் மட்டுமே அறிவார்கள். பன்னீர் விற்ற குடும்பத்தின் பெயரோ ஆயிரம் ஆண்டு கடந்தும் மணக்கிறது.