உப்பு வாரினா கைது பண்ணுவாங்களா?

மரக்காணம் பூமீஸ்வரர் கோயிலில் ராஜராஜன் காலக் கல்வெட்டுகள் உண்டு. அவற்றைப் பார்க்கப் போகும்போதெல்லாம், அந்தப் பக்கத்து அரசுப் பள்ளி ஒன்றில் சமூக அறிவியல் எடுக்கும் நண்பரையும் பார்த்துவிட்டு வருவேன். போன மாசி மாதம் போனபோது பத்தாம் வகுப்பில் திருப்புதல் நடந்துகொண்டிருந்தது. பாடம் வேதாரண்யம் உப்பு சத்தியாகிரகம். கடைசி பெஞ்சில் உட்கார்ந்துகொண்டேன்.

ஒப்பிப்பதில் பிள்ளைகளிடம் குறையே இல்லை. 1930 ஏப்ரல் 13, திருச்சி, ராஜாஜி. ஏப்ரல் 30, வேதாரண்யம், கைது. அப்போது ஒரு பெண் எழுந்து கேட்டாள்: "சார், உப்பு வாரினா எதுக்கு கைது பண்ணாங்க? எங்கம்மா தினமும் அதைத்தானே செய்யறாங்க."

வகுப்பு சிரித்தது. "அது வெள்ளைக்காரன் சட்டம்மா" என்றார் நண்பர். மணி அடித்துவிட்டது.

எனக்கு அந்தக் கேள்வி மனசிலேயே நின்றுவிட்டது. 1930-லும் இந்தக் கரையோரத்தில் கூலிக்கு உப்பு வாரிக்கொண்டுதான் இருந்தார்கள். அவர்களை யாரும் கைது செய்யவில்லை. வாரியது குற்றமில்லை, லைசென்ஸ் இல்லாமல், வரி கட்டாமல் வாரியதுதான் குற்றம். 1889-ன் சென்னை உப்புச் சட்டம் அப்படி. அன்றைய வரி மணங்குக்கு, அதாவது சுமார் 37 கிலோவுக்கு, 1 ரூபாய் 4 அணா. உப்பை விளைவிக்க ஆகும் செலவு அதைவிட எவ்வளவோ குறைவு. 1947-ல் அந்த வரியை எடுத்தார்கள். 1953-ல் செஸ் என்ற பெயரில் சின்னதாக ஒன்று திரும்பி வந்தது. லைசென்ஸ் முறை 1996 வரை இருந்தது. ஆக, "வெள்ளைக்காரன் சட்டம்" என்பது பாதி பதில்தான்.

பள்ளிக்குக் கொஞ்ச தூரத்தில் பக்கிங்ஹாம் கால்வாய் வந்து முடிகிறது. 1876-78 பஞ்சத்தில் நிவாரண வேலையாக சென்னையில் ஒரு பகுதியை வெட்டி இணைத்த கால்வாய் அது. உப்பும் விறகும் ஏற்றிய படகுகள் அதில் போயின. இது எதுவும் திருப்புதல் தாளில் வராது.

புத்தகத்தைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. 2018-19-ல் வந்த புதிய பாடநூல்கள் பழையவற்றைவிட எவ்வளவோ மேல். உள்ளூரிலிருந்து தொடங்கு என்று 2005 தேசியக் கலைத்திட்டமும் சொல்லிவிட்டது. ராமநாதபுரம் மாவட்டம் திருப்புல்லாணி அரசுப் பள்ளியில் தொன்மைப் பாதுகாப்பு மன்றம் வைத்து மாணவர்களையே கல்வெட்டு படிக்க வைத்தார்கள். முடியாத காரியம் இல்லை. ஆனால் ஆர்வமுள்ள ஆசிரியர் மாறுதலில் போய்விட்டால் அதோடு சரி.

நண்பரிடம் டீக்கடையில் இதையெல்லாம் கொட்டினேன். "நீங்க கல்வெட்டுக்கு வர்றீங்க, நான் ரிசல்ட்டுக்குப் பதில் சொல்லணும்" என்றார். கோபமில்லை, அலுப்பு. பிறகு அவரே, "அந்தப் பொண்ணோட அம்மாவை ஒரு நாள் கிளாஸுக்குக் கூப்பிட்டா என்ன?" என்றார்.

கூப்பிட்டிருக்கிறார். அந்த அம்மா ரொம்ப நேரம் சிரித்துவிட்டு, "நான் என்ன சார் பாடம் சொல்றது" என்றாராம். அப்புறம் ஒத்துக்கொண்டார். ஆனால் இப்போது முடியாது, வந்தால் ஒரு நாள் கூலி போய்விடும். ஐப்பசி மழையில் அளம் மூடியபிறகு வருகிறேன் என்றிருக்கிறார்.

ஐப்பசியில் அந்தப் பெண் பதினொன்றாம் வகுப்பில் இருப்பாள்.