அணு: ஒரு சொல்லின் வரலாறு

வடிவம் மாறாது நிற்க, பொருளால் மட்டும் பன்முறை மாறிய சொற்கள் சில உள. 'அணு' அத்தகையதொரு சொல். வடமொழியில் 'நுண்ணியது' என்ற கருத்தில் வழங்கிய இச்சொல், தமிழிற் புகுந்து முதலில் தத்துவச் சொல்லாகவும் பின்னர் விஞ்ஞானச் சொல்லாகவும் நிலைபெற்றது. உலகம் எதனால் ஆனது என்ற வினாவின் வரலாறே இச்சொல்லின் வரலாறும் எனலாம்.

அணுவை ஒரு தத்துவத்தின் அடித்தளமாக்கியது கணாதரின் வைசேடிகம். தானிய மணியை உண்பவர் என்பதே கணாதர் என்னும் பெயரின் பொருள். நெல் விளையும் எமது மல்லாவியில் அவரது வினாவை விளக்க உபகரணம் எதுவும் வேண்டியதில்லை. அரிசி உடைந்தால் நொய். நொய்யை இடித்தால் மா. மாவையும் பகுத்துக்கொண்டே போனால் எங்கே நிற்போம்? முடிவின்றிப் பகுக்கலாமெனின், கடுகும் மேருமலையும் எல்லையற்ற பகுதிகளை உடையனவாகி, அவற்றிடையே அளவு வேறுபாடு இருத்தற்குக் காரணமே இல்லாது போகும் என வைசேடிகர் வாதித்தனர். ஆகவே பகுக்கவியலாத ஓர் எல்லை உண்டென்று கொண்டு, அதற்குப் பரமாணு எனப் பெயரிட்டனர். கூரைத் துவாரத்தால் நுழையும் வெயிற்கதிரில் மிதக்கும் தூசியை, ஆறு பரமாணுக்களின் கூட்டெனக் கணக்கிட்டனர். கிரேக்கத்தில் கி.மு. 5ஆம் நூற்றாண்டினரான டெமோகிரிட்டஸ் தமது நுண்பொருளுக்கு இட்ட பெயரும் 'வெட்டவியலாதது' என்றே பொருள்படும்.

தமிழில் அணுக்கொள்கையை விரிவாகப் பேசியோர் ஆசீவகர். நிலம், நீர், தீ, காற்று, உயிர் என அணு ஐவகைப்படும். அவை அழியா, புதிதாய்த் தோன்றா, ஒன்றினுள் ஒன்று புகா. கூடி மலையாகும், பிரிந்து பரவும் என்பது அவர்தம் கொள்கை. ஆனால் அவர்களது சொந்த நூல்கள் இன்று இல்லை. பௌத்த மணிமேகலை, சமண நீலகேசி, சைவ சிவஞான சித்தியார் என்னும் எதிரணியினரின் நூல்களிலேயே அவர்களின் குரலை நாம் கேட்கிறோம். தோற்றோரின் கருத்து, வென்றோரின் ஏடுகளில் மறுக்கப்படுவதற்காகவே எஞ்சியது. அதேவேளை, அணுவை ஏற்ற ஆசீவகரே மனித முயற்சியை மறுத்து, அனைத்தையும் ஊழிடம் ஒப்படைத்தனர் என்பதையும் மறத்தலாகாது.

சைவ சித்தாந்தமோ இச்சொல்லை உயிருக்கே சூட்டியது. வியாபகமான ஆன்மாவை அணுத்தன்மைப்படுத்தும் மலமே ஆணவம். சடத்தின் நுண்மையைச் சுட்டிய சொல், கட்டுண்ட ஆன்மாவின் பெயருமாயிற்று.

1808இல் ஜோன் டால்ட்டன் தமது நூலை வெளியிட்டபோது இவ்வினா தர்க்கத்திலிருந்து தராசுக்கு மாறியது. மூலகங்கள் சேரும் நிறை விகிதங்களிலிருந்து அணுக்களின் ஒப்புநிறையை அவர் கணித்தார். 1897இல் தொம்சன் இலத்திரனைக் கண்டார். 1911இல் ரதர்போர்ட் அணுக்கருவை உய்த்தறிந்தார். 1938இல் ஹானும் ஸ்ட்ராஸ்மனும் செய்த பரிசோதனை யுரேனியக் கரு பிளவுறுவதைக் காட்டிற்று. வெட்டவியலாதது என்ற பெயர் நிலைக்க, பொருள் வெட்டுண்டது. 1945 ஆகஸ்ட் 6ஆம் நாள் ஹிரோஷிமா அதன் விலையைச் செலுத்தியது.

இத்தனைக்கும் பின்னர், அணுவைப் பிளக்கும் வித்தையைப் பண்டைத் தமிழர் அறிந்திருந்தனர் என மேடைகளில் முழங்குவோர் உளர். அணுவைத் துளைத்து ஏழு கடலையும் புகுத்தியதாகக் கூறும் ஔவையின் பாட்டையும், அணுவை நூறு கூறாக்கியதைப் பேசும் கம்பனின் செய்யுளையும் சான்றாக நீட்டுகின்றனர். முன்னது குறளின் சுருக்கத்தைப் புகழ்வது. பின்னது இறைவன் எங்கும் உளன் என்பதை உணர்த்துவது. கவிதையைப் பௌதிகமாக்கும்போது கவிதையும் கெடுகிறது, பௌதிகமும் கெடுகிறது.

எல்லாம் முன்னரே சொல்லப்பட்டுவிட்டது என நம்பும் மாணவன் வினாவுவதை நிறுத்திவிடுகிறான். ஊழுக்குப் பணிந்த ஆசீவகனுக்கும் அவனுக்கும் வேறுபாடில்லை. முன்னோரிடமிருந்து நாம் பெறத்தக்கது அவர்தம் விடையன்று, நொய்யையும் தூசியையும் பார்த்துக் கேட்ட கேள்வியே. அதனைத் தராசில் வைத்துச் சோதிக்கும் பழக்கத்தை வகுப்பறைக்குக் கொண்டுவருவது ஆசிரியராகிய நமது கடன்.