திருவனந்தபுரத்திலிருந்து போன டெமான்ஸ்ட்ரேட்டர்

பழவங்காடி பிள்ளையார் கோயில் வாசலில் தேங்காய் உடைபடும் சத்தம் ஓய்வதில்லை. கோயில் நிர்வாகம் இந்திய ராணுவத்தின் கையில் இருக்கிறது. பக்கத்திலேயே சாலைத் தெரு; ஆ. மாதவனின் கதைகளைப் படித்தவர்களுக்கு அறிமுகமே வேண்டாத கடைத்தெரு. அங்கிருந்து மகாத்மா காந்தி சாலையில் வடக்கே நடந்து, தலைமைச் செயலகத்தைத் தாண்டினால் யூனிவர்சிடி கல்லூரி வரும். அதற்கு மகாராஜா கல்லூரி என்று பெயர் இருந்த காலத்தில், 1914 முதல் 1921 வரை, இயற்பியல் துறையில் டெமான்ஸ்ட்ரேட்டராக வேலை பார்த்தவர் கே. ஆர். ராமநாதன். பாலக்காட்டுக் கல்பாத்திக்காரர். ஒளி அலையா, துகளா என்ற பெரிய விவாதத்தில் இந்தியாவிலிருந்து போன முக்கியமான சான்று ஒன்று முதலில் பட்டது இவருடைய கண்ணில்தான். 1923இல் அவர் பார்த்ததற்குச் சரியான பொருள் தெரிய 1928 ஆகிவிட்டது. அதற்குள் அவர் அந்த ஆய்வை விட்டே போயிருந்தார்.

திருவனந்தபுரத்துக்கு அறிவியல் புதிதல்ல. சுவாதித் திருநாள் மகாராஜா காலத்தில், 1837இல், வானாய்வுக்கூடம் ஒன்று எழுந்தது. ஜான் கால்டிகாட் அதன் முதல் இயக்குநர். பின்னால் வந்த ஜான் ஆலன் புரூன், காந்தப்புலத்தை அளக்க அகத்தியமலை உச்சிக்கே கருவிகளை ஏற்றியவர். காந்த நடுக்கோடு அந்த வட்டாரத்தை ஒட்டிப் போவதால் அந்த அளவீடுகளுக்கு உலக மதிப்பு இருந்தது. ராமநாதன் கல்லூரி வேலையோடு இந்த வானாய்வுக்கூடத்தையும் கவனித்துக்கொண்டார். திருவனந்தபுரத்தின் இடிமழையைப் பற்றி ஆராய்ந்தார். டெமான்ஸ்ட்ரேட்டர் என்பது பெரிய பதவி இல்லை. மாணவர்களுக்குச் சோதனைகளை அமைத்துக் காட்டுவதுதான் வேலை. ஆனால் கருவியோடு கை பழகவும், ஒரு அளவீட்டில் எங்கே பிழை நுழையும் என்று மோப்பம் பிடிக்கவும் அதைவிட நல்ல பயிற்சி கிடையாது.

1921இல் சென்னைப் பல்கலைக்கழக உதவித்தொகையோடு அவர் கல்கத்தா போனார், சி. வி. ராமனிடம். ராமன் முதலிலிருந்தே அலைகளின் ஆள். சென்னை மாநிலக் கல்லூரி மாணவராக, பதினெட்டு வயதில், 1906 நவம்பர் ‘ஃபிலசாஃபிகல் மேகஸின்’ இதழில் அவர் வெளியிட்ட முதல் கட்டுரையே செவ்வகத் துளை வழியாக ஒளி வளைந்து உண்டாக்கும் வரிகளைப் பற்றியதுதான். வீணை, மிருதங்கம், வயலின் என்று அவர் ஆராய்ந்ததெல்லாம் அலைகளே.

அந்த ஆண்டுகளில் உலக இயற்பியல் சிக்கலான நிலையில் இருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தாமஸ் யங் செய்த குறுக்கீட்டுச் சோதனைக்குப் பிறகு ஒளி அலைதான் என்று உறுதிப்பட்டிருந்தது. இரண்டு வழியாக வரும் ஒளி ஓரிடத்தில் கூடி வெளிச்சமாகிறது, அடுத்த இடத்தில் ஒன்றையொன்று அழித்து இருட்டாகிறது. துகள்கள் அப்படிச் செய்யாது. 1905இல் ஐன்ஸ்டைன், ஒளி சிறுசிறு ஆற்றல் துணுக்குகளாகவும் நடந்துகொள்கிறது என்றார். 1909இல் கேம்பிரிட்ஜில் ஜி. ஐ. டெய்லர் ஒரு சோதனை செய்தார். வாயுச்சுடரின் ஒளியைப் புகை படிந்த கண்ணாடிகளால் மங்கலாக்கி, ஓர் ஊசியின் நிழலைப் படமெடுத்தார். ஒளி அவ்வளவு குறைவு என்பதால் ஒரு தட்டில் படம் பதிய ஏறக்குறைய மூன்று மாதம் ஆனது. நிழலைச் சுற்றிய வரிகள் அப்போதும் மாறவில்லை. துணுக்குகள் தனித்தனியாக வந்தாலும் அலை வரிகள் விழுகின்றன என்றுதான் அன்று பலரும் அதைப் படித்தார்கள். அது அவ்வளவு எளிதல்ல. அதைப் பின்னால் பார்ப்போம்.

ராமநாதனுக்கு ராமன் கொடுத்த வேலை, திரவங்களில் ஒளி சிதறுவதை அளப்பது. 1921இல் கப்பலில் வரும்போது மத்தியதரைக் கடலின் நீலம் ராமனைப் பிடித்துக்கொண்ட கதை எல்லோருக்கும் தெரியும். தண்ணீரின் மூலக்கூறுகளே ஒளியைச் சிதறடிக்கின்றன என்பது அவர் முடிவு. ராமநாதன் சூரிய ஒளியைக் குவித்து, ஊதா வடிகட்டி வழியாகத் திரவத்துக்குள் விட்டார். பக்கவாட்டில் சிதறி வரும் ஒளியைப் பச்சை வடிகட்டி வழியாகப் பார்த்தார். ஊதாவை மட்டும் உள்ளே விட்டு, பச்சையை மட்டும் வெளியே விட்டால் மிஞ்சுவது இருட்டாகத்தான் இருக்க வேண்டும். சிதறும்போது ஒளியின் நிறம் மாறாது என்பது அன்றைய பாடம்.

முழு இருட்டு வரவில்லை. மங்கிய கீற்று ஒன்று மிச்சமிருந்தது.

திரவத்தில் கலந்திருக்கும் ஏதோ அழுக்கு தானே ஒளிர்கிறது என்பதுதான் கைக்கு எட்டிய விளக்கம். ராமனுக்கு அதில் திருப்தி இல்லை. திரவத்தைச் சுத்தப்படுத்தச் சொன்னார். ராமநாதன் வெற்றிடத்தில் மெதுவாகத் திரும்பத் திரும்பக் காய்ச்சி வடித்தார். கீற்று குறையவில்லை. ஆனாலும் கட்டுரையில் அது ‘பலவீனமான ஒளிர்வு’ என்றே பதிவானது. இதைத் தவறு என்று சொல்வது இன்று எளிது. அழுக்கை இவ்வளவு விடாப்பிடியாக நீக்கிப் பார்த்ததால்தான், கீற்று திரவத்தின் சொந்தச் சொத்து என்ற சந்தேகம் அந்த ஆய்வுக்கூடத்தில் உயிரோடு இருந்தது. 1925இல் ராமனின் இன்னொரு மாணவர் கே. எஸ். கிருஷ்ணன் அதே கீற்றைப் பல திரவங்களில் பார்த்தார். அதே ஆண்டில் ராமநாதன் இந்திய வானிலைத் துறையில் சேர்ந்துவிட்டார்.

இடையில் 1923இல் அமெரிக்காவில் ஆர்தர் காம்டன், எக்ஸ் கதிர் எலக்ட்ரானில் மோதிச் சிதறும்போது அதன் அலைநீளம் கூடுகிறது என்று காட்டினார். பந்தும் பந்தும் மோதுவதுபோலக் கணக்குப் போட்டால் விடை சரியாக வந்தது. ஒளித் துகளுக்கு அது பெரிய வெற்றி. அடுத்த ஆண்டு டொரான்டோவில் நடந்த விவாதத்தில் ராமன் காம்டன் பக்கம் சாயவில்லை. வாதத் திறமை உண்டே தவிர உண்மை உம்மிடம் இல்லை என்ற பொருளில் ராமன் சொன்னதைக் காம்டன் பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். காம்டன் சொன்னது சரி என்று ஏற்றுக்கொண்ட பிறகும் ராமனின் பிடிவாதம் போகவில்லை. 1927 இறுதியில் வால்டேரில் விடுமுறையில் இருந்தபோது, அலைக் கொள்கையை வைத்தே காம்டன் விளைவை வருவிக்க முடியுமா என்று கணக்குப் போட்டார். அந்தக் கணக்குத்தான் பழைய கீற்றை நினைவுக்குக் கொண்டுவந்தது. எக்ஸ் கதிரில் நடப்பது கண்ணுக்குத் தெரியும் ஒளியில் நடந்தால் அது எப்படி இருக்கும்? ராமநாதன் பார்த்ததைப் போலத்தான்.

1928 பிப்ரவரியில் கிருஷ்ணன் சோதனையைத் திரும்பச் செய்தார். கீற்று வலுவாகத் தளவிளைவுற்றிருந்தது; அதாவது அதன் அதிர்வு பெரும்பாலும் ஒரே தளத்தில் இருந்தது. சாதாரண ஒளிர்வு அப்படி இருக்காது. பிப்ரவரி 28 அன்று வடிகட்டிக்குப் பதிலாக நிறமாலைக் காட்டியை வைத்துப் பார்த்தபோது, வந்த ஒளிக்கும் புதிய ஒளிக்கும் நடுவே இருட்டு இடைவெளி தெரிந்தது. பாதரச விளக்கில் அது தனித்தனிக் கோடுகளாகவே விழுந்தது. மூலக்கூறு ஒளியிடமிருந்து குறிப்பிட்ட அளவு ஆற்றலை மட்டும் எடுத்துக்கொள்கிறது, அல்லது கொடுக்கிறது. நடுவில் எதுவும் இல்லை.

ஒளித் துணுக்கை வைத்து இதை 1923இலேயே ஆஸ்திரியாவின் அடால்ஃப் ஸ்மெகல் கணித்திருந்தார். அதனால் உலகம் ராமன் விளைவைக் குவாண்டம் கொள்கைக்கு வலுவான சான்றாக எடுத்துக்கொண்டது. அலையை விட மனமில்லாத ஒருவரின் ஆய்வுக்கூடம் துகளுக்குச் சாட்சி சொன்னது. அதோடும் நிற்கவில்லை: 1931இல் ராமனும் எஸ். பகவந்தமும் சிதறல் அளவீடுகளிலிருந்து ஃபோட்டானுக்கு, அதாவது ஒளித் துணுக்குக்கு, சுழற்சி உண்டு என்று வாதிட்டுக் கட்டுரை எழுதினார்கள். நோபல் பரிசு அதற்கு முந்தைய ஆண்டே வந்திருந்தது.

இப்போது டெய்லருக்குத் திரும்புவோம். ஒளியை மங்கலாக்கினால் துணுக்குகள் ஒவ்வொன்றாக வரும் என்ற நம்பிக்கையில் ஓட்டை இருக்கிறது. அதைத் துல்லியமாகக் காட்டும் கணிதத்தைத் தந்தவர் இன்னொரு கேரளத்துக்காரர், கோட்டயத்தை அடுத்த பள்ளத்தில் பிறந்த இ. சி. ஜி. சுதர்சன், சென்னைக் கிறித்துவக் கல்லூரியில் படித்தவர். எந்த ஒளியையும் அலைபோல நடக்கும் எளிய நிலைகளின் கலவையாக எழுதலாம் என்று 1963இல் காட்டினார். கலவையில் ஒவ்வொரு நிலைக்கும் ஓர் எடை உண்டு. அந்த எடைகள் சாதாரண நிகழ்தகவுபோல இருந்தால், அந்த ஒளியை அலைக் கொள்கையே விளக்கிவிடும். எடை எதிர்மறையானால் அலைக் கொள்கை கைவிரித்துவிடும். சுடரின் ஒளியை எவ்வளவு மங்கலாக்கினாலும் எடை எதிர்மறையாவதில்லை. ஆக டெய்லர் பார்த்தது பழைய அலைதான். கொஞ்சம் பலவீனமான அலை. உண்மையான தனி ஃபோட்டானை வைத்துக் குறுக்கீட்டு வரிகளைக் காட்ட, பிரான்சில் கிராஞ்சியே, ரோஜே, ஆஸ்பே மூவரும் சோதனை செய்த 1986 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. பாதி ஒளியைப் பிரதிபலித்து மீதியை உள்ளே விடும் கண்ணாடியில் விழுந்த ஃபோட்டான் இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் பதிவாகவில்லை. அதே ஃபோட்டான்களுக்கு இரண்டு வழியையும் திறந்து, கடைசியில் ஒன்றுசேர்த்தபோது வரிகள் விழுந்தன. 2005இல் இந்தத் துறைக்கான நோபல் பரிசில் பாதி ராய் கிளாபருக்குப் போனது. தன் பங்கு விடுபட்டதாகச் சுதர்சன் நோபல் குழுவுக்குக் கடிதம் எழுதி ஆட்சேபித்தார், பலனில்லை. அவர் ஆட்சேபத்தில் நியாயம் இருந்தது.

ராமநாதன் அப்படி எதையும் கேட்டுப் போராடியவர் இல்லை. வானிலையிலும் ஓசோன் ஆய்விலும் உலகப் புகழ் பெற்றார். அகமதாபாத் இயற்பியல் ஆய்வுக்கூடத்தின் முதல் இயக்குநரானார். 1976இல் பத்ம விபூஷண் வந்தது. 1984 கடைசி நாளில் காலமானார். ராமன் விளைவைக் கண்ட நாளென்று பிப்ரவரி 28ஐ தேசிய அறிவியல் நாளாக ஆண்டுதோறும் பள்ளிகளில் கொண்டாடுகிறோம். ராமநாதன் 1893இல் பிறந்ததும் அதே தேதியில்தான். அடுத்த பிப்ரவரியில் மேடை ஏறும் ஆசிரியர்கள் அந்தக் கல்பாத்திக்காரர் பெயரையும் ஒரு முறை சொல்ல வேண்டும்.