தலைப்பாகையும் சட்டையும்: கோவில்மலை அரசுடை குறித்துச் சில வரலாற்றுக் குறிப்புகள்

2025 சனவரி 26 அன்று புதுதில்லியில் நடைபெற்ற குடியரசு நாள் அணிவகுப்பின் விருந்தினர்களுள் இடுக்கி மாவட்டக் கோவில்மலையின் இராமன் இராஜமன்னானும் அவர் துணைவியாரும் இருந்தனர். பொது விழாக்களில் அவரை அடையாளம் காட்டுவன தலைப்பாகையும் சால்வையும். அவற்றின் அடியில் இருப்பதோ எல்லோரும் அணியும் சட்டை. இச்சேர்க்கையைப் 'பழமையும் புதுமையும் கலந்த உடை' என்று சொல்லிக் கடந்துவிடுவது எளிது. ஆனால் இரண்டு துணிகளுக்கும் தனித்தனி வரலாறு உண்டு.

கட்டப்பனைக்கு அருகிலுள்ள கோவில்மலை, மன்னான் பழங்குடியினரின் அரசிருக்கை. தம் முன்னோர் மதுரையிலிருந்து மலையேறியவர்கள் என்பது அவர்களது வாய்மொழி மரபு. காலாவூட்டு விழாவில் ஆடப்படும் மன்னான் கூத்து, கோவலன் கண்ணகி கதையைத் தமிழில் பாடுகிறது. அரசுரிமை தாய்வழியே செல்கிறது. 2012இல் பொறுப்பேற்ற இராமன் இராஜமன்னான் பொருளியல் பட்டதாரி. குடிகளின் வழக்குகளைத் தீர்ப்பதும் சடங்குகளுக்குத் தலைமை ஏற்பதும் அரசரின் பணிகள்.

தலைப்பாகை பதவியின் சின்னம். சட்டையோ பொதுவான ஆடை போலத் தோன்றினாலும், இம்மலைகள் அடங்கியிருந்த திருவிதாங்கூரில் மேலாடை என்பது சாதி அதிகாரத்தின் எல்லைக்கோடாக இருந்தது. 1859 சூலையில் வெளியான அரசாணை, சாணார் பெண்கள் மார்பை மறைக்க இசைவளித்தது. ஆனால் மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தலாகாது என்ற தடையை விட்டுவைத்தது. அத்தகைய நாட்டில் சட்டை வெறும் மேலை நாகரிகத்தின் இரவல் அன்று. போராடிப் பெற்ற உரிமையின் சுவடும் அதில் உண்டு.

இதனைச் சயாமின் அரசுடையோடு ஒப்பிட்டால் வேறுபாடு தெளிவாகும். 1872இல் மன்னர் சூளலங்கரன் இந்தியாவுக்கு வந்தபோது அவருக்கு வயது 18. அப்பயணத்தின்போது கல்கத்தாவில் தைக்கப்பட்ட, கழுத்து வரை பொத்தான் இட்ட வெண்ணிறச் சட்டையே பின்னர் 'ராஜபேட்டன்' எனப் பெயர் பெற்றது. 'ராஜ' என்ற வடசொல்லும் 'பேட்டர்ன்' என்ற ஆங்கிலச் சொல்லும் சேர்ந்த பெயர் அது. இடுப்பில் கச்சமாகக் கட்டிய சயாம் உடையும் மேலே இச்சட்டையும் அணிந்த அரசவை, 'நாகரிகமற்றோர்' என்று ஆசியரை அடக்கியாண்ட ஐரோப்பிய வல்லரசுகளின் வாதத்துக்கு உடையாலும் மறுமொழி கூறியது. 1960இல் ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் பயணம் செய்வதற்கு முன், அரசி சிறிகித் பழைய அரண்மனைப் பெண்களின் உடைகளை ஆராயச் செய்தார். அம்முயற்சியிலிருந்து எட்டு வகை அரசுடைகள் உருவாயின. பாரிசின் பியேர் பால்மேன் தாய்லாந்துப் பட்டைக் கொண்டு அவருக்கு உடைகள் வடிவமைத்தார். இன்று 'தாய் மரபுடை' என உலகம் அறிவதில் பெரும்பகுதி அவ்வாறு ஆராய்ந்து, தேர்ந்து, தைக்கப்பட்டதே.

பாங்காக்கின் அரசர்களுக்குக் கருவூலமும் தையற்கலைஞரும் இருந்தனர். எது மரபு என்பதை அவர்களே முடிவு செய்தனர். கோவில்மலை அரசருக்கு வரியும் இல்லை, படையும் இல்லை. அவர் பதவியை வெளியார் கண்ணுக்குப் புலப்படுத்துவது பெரும்பாலும் அத்தலைப்பாகையே. எனவே அதனை எவர் எவ்வாறு விவரிக்கிறார் என்பது சிறிய செய்தியன்று.

பழங்குடியினரை விவரிக்கும் எழுத்துகளில் ஒரு வழக்கம் உண்டு: தலைப்பாகையை 'மரபு' என்று பதிவு செய்து, சட்டையை மரபின் சிதைவாகக் கருதி விட்டுவிடுவது. சயாம் மன்னரின் ஐரோப்பியச் சட்டையை அரசியல் நுண்ணறிவு என்று படிக்கும் அதே ஆய்வுலகம், மன்னான் அரசரின் சட்டையில் இழப்பை மட்டும் காண்பது முறையாகாது. பட்டம் பெற்ற ஓர் அரசர் தம் காலத்து உடையின்மேல் தம் குடியின் சின்னத்தை அணிவதும் ஒரு தேர்வே. அத்தேர்வைப் பதிவு செய்யாத வரலாறு, பழங்குடியினரைக் கடந்த காலத்திலேயே நிறுத்திவிடும். நிலம், கல்வி, மொழி குறித்து அவர்கள் இன்று எழுப்பும் கோரிக்கைகளும் அதனால் செவியேறாமல் போகும்.